இரண்டு வகைக் கட்சிக்காரர்கள்: மேலூர்ப் பக்கத்து எதிர்க்கட்சி வழக்கறிஞர் ஒருவரின் பொதுவாழ்வு – நிகழ்வு ஆய்வு

வழக்கைக் கொண்டுவருபவரையும் கட்சிக்காரர் என்கிறோம், கொடி பிடிப்பவரையும் கட்சிக்காரர் என்கிறோம். இந்த ஆய்வில் வரும் வழக்கறிஞருக்கு இரண்டு வகையினரும் ஒரே ஊர்களில் இருந்தார்கள். பல வேளைகளில் இருவரும் ஒரே ஆள். 2016 முதல் 2025 வரை அவருக்கு வந்த சிக்கல்களில் பெரும்பங்கு இங்கிருந்துதான் கிளம்பியது. ஆட்கள், ஊர்கள், கட்சி, கண்மாய் ஆகியவற்றின் பெயர்கள் தவிர்க்கப்பட்டுள்ளன. சட்டப் பிரிவுகள் அந்தந்த நேரத்தில் நடப்பில் இருந்தபடி தரப்பட்டுள்ளன.

பின்னணி

மதுரையில் எதிர்வரிசை அரசியலும் கறுப்பு அங்கியும் சேர்ந்தே நடந்திருக்கின்றன. குற்றப் பரம்பரைச் சட்டத்தை எதிர்த்துக் கள்ளர் மக்களுக்காக நின்ற ஜார்ஜ் ஜோசப் வழக்கறிஞர். 1939 ஜூலை 8 அன்று மீனாட்சியம்மன் கோயில் ஆலயப் பிரவேசத்தை நடத்திய வைத்தியநாத ஐயர் வழக்கறிஞர். 1957ல் மதுரையின் மக்களவை உறுப்பினரான கே.டி.கே. தங்கமணி பாரிஸ்டர். ஆனால் இவர்கள் காலத்து வக்கீலுக்கு உயர் நீதிமன்றம் சென்னையில் இருந்தது. 2004 ஜூலை 24 அன்று மதுரைக் கிளை திறக்கப்பட்ட பிறகுதான் மேலூர்ப் பக்கத்து விவசாயிக்கு, அரசு அலுவலர்கள் மீது உயர் நீதிமன்றத்தில் நேரே போடும் ரிட் மனு என்பது பஸ் ஏறிப் போய்வரும் தூரத்துக்கு வந்தது. கிளை அமைந்த இடம் ஒத்தக்கடை அருகே, மேலூர் சாலையில்.

நமது வழக்கறிஞர் விவசாயக் குடும்பத்தில் பிறந்து மதுரை அரசு சட்டக் கல்லூரியில் படித்தவர். கிளை திறந்த சில ஆண்டுகளில் பதிவு செய்துகொண்டார். மேலூர் நீதிமன்றங்களிலும் கிளையிலும் தொழில். எந்த ஆட்சி வந்தாலும் எதிர்வரிசையிலேயே இருந்த ஒரு சிறிய கட்சியின் ஒன்றியச் செயலாளர். அப்படிப்பட்ட கட்சிக்காரர் கையில் இருப்பவை மூன்று: ஆட்சியர் அலுவலகத்தில் திங்கட்கிழமை மனு, அது நகராவிட்டால் மறியல், அதுவும் பலிக்காவிட்டால் ரிட். ஆட்சியில் இருப்பவருக்கு ஒரு தொலைபேசியில் முடிகிற வேலைக்கு இவர் மூன்று படிகள் ஏற வேண்டும். ஒவ்வொரு படியிலும் ஒரு காகிதம் பிறக்கும். அந்தக் காகிதங்களை யார் பெயரில், எந்தப் பொறுப்பில் எழுதுகிறோம் என்பதை அவர் தொடக்கத்தில் பிரித்துப் பார்க்கவில்லை.

2016: மறியலும் 28 எதிரிகளும்

பெரியாறு பிரதானக் கால்வாயில் பேரணை முதல் கள்ளந்திரி வரை இருபோகப் பாசனம், 45,041 ஏக்கர். கள்ளந்திரிக்குக் கீழே ஒருபோகம், 85,563 ஏக்கர். மேலூர்ப் பக்கத்துக் கண்மாய்கள் இந்த ஒருபோகத்தின் கடைமடை. அணையில் இருப்பு குறைந்தால் முதலில் காய்வது இவைதான். 2016ல் வடகிழக்குப் பருவமழை பொய்த்தது. குடிநீருக்கும் ஆடு மாடுகளுக்குமாவது கண்மாய்களில் ஒரு தண்ணீர் விட வேண்டும் என்று கேட்டுக் கொடுத்த மனுக்களுக்குப் பதில் இல்லை. மறியல் நடந்தது. முக்கால் மணி நேரம். கல் எறியவில்லை, பஸ் கண்ணாடி உடையவில்லை. வட்டாட்சியர் வந்து பேசியதும் கலைந்தார்கள்.

அன்று மாலையே எஃப்.ஐ.ஆர். பதிவானது. இந்திய தண்டனைச் சட்டம் 143, 188, 341. மொத்தம் 28 பேர், அதில் 11 பேர் பெண்கள். முதல் எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவர்களில் முதலாமவர், நமது வழக்கறிஞர்.

இந்த மூன்று பிரிவுகளின் அமைப்பைத் தெரிந்துகொள்வது மறியல் செய்யும் எந்தக் கட்சிக்கும் உதவும். 143க்கு அதிகபட்சம் 6 மாதச் சிறை. 341க்கு 1 மாதம். 188க்கு 1 மாதம், உயிருக்கோ உடல்நலத்துக்கோ ஆபத்து என்றால் 6 மாதம். ஓராண்டுக்கு மேல் தண்டனை எதற்கும் இல்லாததால், குற்றவியல் நடைமுறைச் சட்டம் 468ன்படி ஓராண்டுக்குள் குற்றப்பத்திரிகை நீதிமன்றத்தில் தாக்கலாக வேண்டும். அத்துடன் 188க்கு, 195ஆம் பிரிவின்படி, உத்தரவு பிறப்பித்த அலுவலர் எழுத்துமூலம் நீதிமன்றத்தில் புகார் தர வேண்டும். போலீஸ் அறிக்கை போதாது. 143க்குக் கூட்டம் கூடியதைக் காட்டினால் மட்டும் போதாது. 141 சொல்லும் சட்டவிரோத நோக்கங்களில் ஒன்றைக் காட்ட வேண்டும். கரூர் மாவட்டத்து வழக்கான ஜீவானந்தத்தில் மதுரைக் கிளை 2018 செப்டம்பர் 20 அன்று 188, 143 பற்றிய இவற்றை ஒரே தீர்ப்பில் தெளிவாக்கியது. 172 முதல் 188 வரையிலான குற்றங்களுக்குப் போலீஸ் எஃப்.ஐ.ஆர். போட முடியாது என்பதும் அதில் உண்டு.

நமது வழக்கில் குற்றப்பத்திரிகை தாக்கலானது ஒன்றரை ஆண்டுக்குப் பின். வட்டாட்சியரின் புகார் இல்லை. தாமதத்தைப் பொறுக்கச் சொல்லும் மனுவும் இல்லை. அதாவது வழக்கு பிறக்கும்போதே நோயுடன் பிறந்தது. ஆனாலும் சம்மன் வந்தது, வாய்தா தொடங்கியது.

முதல் தவறு: வக்காலத்து

மற்ற 27 பேருக்கும் அவர் அலுவலகத்திலிருந்தே வக்காலத்து போனது. கையெழுத்து ஜூனியருடையது, வழக்கை நடத்தியது இவர். ஊர்மக்களுக்குச் செலவில்லாமல் முடிக்க வேண்டும் என்பதுதான் நோக்கம். அதில் சந்தேகமில்லை. ஆனால் அகில இந்திய பார் கவுன்சில் விதிகளில் 13ஆவது, தான் சாட்சியாக வேண்டியிருக்கும் என்று கருத இடமுள்ள வழக்கில் வழக்கறிஞர் வக்காலத்து ஏற்கக் கூடாது என்கிறது. சம்பவ இடத்தில் நின்றவர், அதுவும் முதல் எதிரி, சக எதிரிகளுக்கு அலுவலகத்தை இரவல் தந்தால் விதியின் சொல்லைத் தாண்டியும் ஒரு சிக்கல் உண்டு. முதல் எதிரிக்கு நல்லது எது, பதினேழாம் எதிரிக்கு நல்லது எது என்பவை ஒரு கட்டத்தில் பிரியும். பிரியும்போது அந்த 27 பேருக்காக மட்டும் யோசிக்க அங்கே யாரும் இருக்க மாட்டார்கள்.

2019: குவாஷ் மனுவும் ஒன்றியத் தேர்தலும்

மதுரை உட்பட 27 மாவட்டங்களில் 2019 டிசம்பர் 27, 30 தேதிகளில் ஊரக உள்ளாட்சித் தேர்தல் நடந்தது. அவர் நின்றது ஊராட்சி ஒன்றிய வார்டு உறுப்பினர் பதவிக்கு. அதற்குக் கட்டுத்தொகை 600 ரூபாய், ஆதிதிராவிடர், பழங்குடியினருக்கு 300. செலவு உச்சவரம்பு 85,000. வேட்புமனுவுடன் தரும் உறுதிமொழியில் நிலுவை வழக்கு எதுவும் இல்லாமல் இருக்க வேண்டும் என்று அவர் விரும்பினார். தகுதியிழப்பு எதுவும் வராது. 1951 மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் 8ஆம் பிரிவும் தண்டனை பெற்ற பிறகுதான் பேசும். இது முழுக்க முழுக்கப் பிரசாரக் கவலை: எதிரணி நோட்டீஸ் அடித்து ஒட்டும்.

ஆகவே கிளையில் குற்றவியல் நடைமுறைச் சட்டம் 482இன் கீழ் குவாஷ் மனு, அதாவது வழக்கை ரத்து செய்யக் கோரும் மனு, போட்டார். மனுதாரர் ஒருவர், அவர் மட்டும். 27 பேரையும் சேர்த்தால் ஒவ்வொருவரிடமும் கையெழுத்து, அடையாளச் சான்று, நான்கு கிராமங்களுக்கு அலைச்சல். வேட்புமனுவுக்கு முன் விசாரணைப் பட்டியலில் வராது என்பது கணக்கு. கணக்கு சரி. ஜீவானந்தம் தீர்ப்பும் 468ஆம் பிரிவும் போதுமானதாக இருந்தன. உத்தரவு விரைவில் கிடைத்தது. ஆனால் அதன் கடைசி வரியில் "மனுதாரரைப் பொறுத்தவரை" என்று இருந்தது. வழக்கு முழுவதையும் ரத்து செய்யக் கோரும் வேண்டுகோளை மனுவில் எழுதாமல் விட்டதன் பலன் அது. ஒரே காரணம் எல்லா எதிரிகளுக்கும் பொருந்தும்போது மனு தராதவர்களுக்கும் சேர்த்தே வழக்கை ரத்து செய்யும்படி வேண்டலாம். நீதிமன்றம் ஏற்கலாம், ஏற்காமல் போகலாம். கேட்காததைத் தராது.

தேர்தலில் வென்றார். வித்தியாசம் இரண்டு இலக்கம். பச்சை வாக்குச்சீட்டு எண்ணி முடிய இரவு வெகுநேரமானது. 2020 ஜனவரி 6 அன்று பதவியேற்பு.

அதே ஜனவரியில் மேலூர் நீதிமன்றத்தில் வாய்தா. வழக்கமாகப் பெயர் கூப்பிடும்போது முதலில் எழும் குரல் வக்கீலுடையது; அவருக்குப் பின்னால் மற்றவர்கள் வரிசையாக நிற்பார்கள். அன்று கூப்பாடு இரண்டாம் எதிரியிலிருந்து தொடங்கியது. ஊர்க்காரர்களுக்குச் செய்தி தெரிந்தது அப்போதுதான். வெளியே வேப்பமரத்தடியில் ஒரு மூதாட்டி, பதினொரு பெண்களில் வயதில் மூத்தவர், கேட்டது ஒரே கேள்வி: "நாங்க ஒன்ன நம்பித்தான ரோட்டுல உக்காந்தோம், நீ மட்டும் எந்திரிச்சுப் போயிட்டயே தம்பி?" ஒரு வாய்தாவுக்கு வந்தால் நூறு நாள் வேலையில் அந்த நாள் சம்பளம் போகும். அப்போது அறிவிக்கப்பட்ட நாள்கூலி 229 ரூபாய். போக வர பஸ், டீ, இட்லி தனி. வராவிட்டால், நேரில் வருவதிலிருந்து விலக்குக் கேட்கும் 317 மனு போட வேண்டும். அதுவும் இல்லையென்றால் வாரண்ட், பின் அதை ரத்து செய்ய ஒரு நாள். முதல் எதிரிக்கு நோட்டீஸ் ஒட்டுவார்களே என்ற கவலை; 27 பேருக்கு வயிற்றுப்பாடு.

இந்த வழக்கறிஞரின் பொதுவாழ்வில் மிகப் பெரிய சேதம் எது என்றால் தோற்ற தேர்தலைச் சொல்ல முடியாது. இந்த வாய்தாதான். சட்டப்படி அவர் செய்தது தவறே இல்லை. ஒரு எதிரி தன் வழக்கைத் தானே முடித்துக்கொள்ள முழு உரிமை உண்டு. ஆனால் சட்டப்படி சரியான ஒன்றை இரண்டு மாதம் பொறுத்துச் செய்திருந்தால் 28 பேரும் ஒன்றாக வெளியே வந்திருப்பார்கள். உறுதிமொழியில் ஒரு மறியல் வழக்கை எழுத வேண்டியிருந்திருக்கும், அவ்வளவுதான். தண்ணீருக்காக மறியல் செய்த வழக்கு, கடைமடை ஊர்களில் வேட்பாளருக்குக் குறை ஆகாது.

மார்ச்சில் கொரோனா வந்து நீதிமன்றங்கள் அடங்கின. வழக்கு அப்படியே நின்றது. இதற்கிடையே பதினேழாம் எதிரியான இளைஞர் வெளிநாட்டு வேலைக்காகப் பாஸ்போர்ட்டுக்கு விண்ணப்பித்தார். 1967 பாஸ்போர்ட் சட்டம் 6(2)(எஃப்) படி, நீதிமன்றத்தில் குற்ற வழக்கு நிலுவையில் இருந்தால் பாஸ்போர்ட்டை மறுக்க வேண்டும். வழக்கு நடக்கும் நீதிமன்றத்தின் அனுமதி பெற்று வாங்கும் வழி உண்டு, அதற்குத் தனி மனு. போலீஸ் விசாரணையில் வழக்கு வெளிப்பட்டு விண்ணப்பம் நின்றது. இது இவருக்குத் தெரியவே மூன்று மாதம் ஆனது, ஏனென்றால் அந்தக் குடும்பம் அவரிடம் வருவதை நிறுத்தியிருந்தது.

2021: சட்டமன்ற வேட்புமனு

கட்சி அவரைச் சட்டமன்றத்துக்கு நிறுத்தியது. வேட்புமனு மார்ச் 12 முதல் 19 வரை, பரிசீலனை 20, திரும்பப் பெற 22, வாக்குப்பதிவு ஏப்ரல் 6. பொதுத் தொகுதிக்குக் கட்டுத்தொகை 10,000 ரூபாய்.

அவரது கட்சி அங்கீகாரம் பெறாதது. ஆகவே ஒருவருக்குப் பதில் 10 பேர் முன்மொழிய வேண்டும், பத்துப் பேரும் அதே தொகுதி வாக்காளர்களாக இருக்க வேண்டும். தொகுதி எல்லையில் இருக்கும் ஊர்களில் ஒரு தெரு இந்தத் தொகுதி, அடுத்த தெரு பக்கத்துத் தொகுதி. முன்மொழிந்த ஒருவர் கல்யாணத்துக்குப் பின் வாக்கை மாற்றியவர் என்பது பாகம் எண்ணையும் வரிசை எண்ணையும் இறுதிப் பட்டியலில் வைத்துப் பார்த்தபோதுதான் தெரிந்தது. பத்தில் ஒன்று பழுது என்றால் மனு போயிற்று. ஒரு வேட்பாளர் நான்கு மனுக்கள் வரை தரலாம், கட்டுத்தொகை ஒன்றுதான். எனவே வேறு பத்துப் பேரைக் கொண்டு இரண்டாம் தொகுப்பு தயாரானது. நல்ல முடிவு.

வேட்பாளரின் உறுதிமொழியான படிவம் 26ல்தான் ஆபத்து காத்திருந்தது. 2018 முதல் இந்தப் படிவம் எஃப்.ஐ.ஆர். எண், காவல் நிலையம், பிரிவுகள், நீதிமன்றம், குற்றச்சாட்டு வனையப்பட்டதா என்பது வரை கேட்கிறது. மறியல் வழக்கு ரத்தாகிவிட்டது, வேறு எதுவும் இல்லை என்று எழுதி நோட்டரி கையெழுத்தும் வாங்கியாயிற்று. 18ஆம் தேதி இரவு ஒரு பழைய ஜூனியர் நினைவுபடுத்தினார்: 2018 ஜனவரியில் பஸ் கட்டண உயர்வை எதிர்த்து மதுரை நகரில் நடந்த ஆர்ப்பாட்டம். எஃப்.ஐ.ஆரில் இவர் பெயர் இல்லை, "மற்றும் பலர்" என்றுதான் இருந்தது. குற்றப்பத்திரிகையில் பெயர் சேர்க்கப்பட்டிருந்தது. சம்மன் பழைய முகவரிக்குப் போய்த் திரும்பியிருந்தது. இ-கோர்ட்ஸ் தளத்தில் தேடியபோது கிடைக்காததற்குக் காரணம், தலைப்பெழுத்து பெயருக்குப் பின்னால் பதிவாகியிருந்ததும் பெயரின் ஆங்கில எழுத்துக்கூட்டல் மாறியிருந்ததும்.

மறுநாள் காலை வழக்கு எண்ணை எடுத்துப் புதிய உறுதிமொழி தயாரித்து, பிற்பகல் 3 மணிக்கு முன் தாக்கல் செய்தார். பழையதில் சில கட்டங்களில் வெறும் கோடு போட்டிருந்தார். புதியதில் "இல்லை", "பொருந்தாது" என்று முழுச்சொல் எழுதினார். கட்டத்தைக் காலியாக விட்டால் தேர்தல் நடத்தும் அலுவலர் நினைவூட்ட வேண்டும், அதன் பிறகும் நிரப்பாவிட்டால் மனுவைத் தள்ளலாம் என்பது உச்ச நீதிமன்றம் 2013ல் சொன்னது. கோடு காலியா இல்லையா என்ற வாதத்துக்கே இடம் தரக் கூடாது.

நிலுவை வழக்கு இருப்பதால் அதை நாளிதழிலும் தொலைக்காட்சியிலும் மூன்று முறை விளம்பரம் செய்ய வேண்டும்: திரும்பப் பெறும் கடைசி நாளுக்குப் பின் முதல் 4 நாட்களில் ஒன்று, 5 முதல் 8ஆம் நாளுக்குள் ஒன்று, 9ஆம் நாள் முதல் பிரசாரத்தின் கடைசி நாளுக்குள் ஒன்று. செலவு வேட்பாளர் கணக்கில் ஏறும். சிறிய கட்சிக்கு இது கனமான தொகை. பெரிய கட்சி வேட்பாளருக்குப் பத்து வழக்கு இருந்தாலும் அது செலவுப் பட்டியலில் ஒரு சிறு வரி. இவருக்கு ஒரே வழக்கு, இரண்டு நாள் வேன் வாடகையைத் தின்றது. இந்த விதி வேண்டாம் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். ஆனால் போராட்ட வழக்கும் கொலை வழக்கும் ஒரே அளவில் அச்சாவது எதிர்க்கட்சிக்காரரைத்தான் அதிகம் கடிக்கிறது.

முடிவு தோல்வி, கட்டுத்தொகையும் போனது. செல்லத்தக்க வாக்குகளில் ஆறில் ஒரு பங்கைத் தாண்டவில்லை. 2019ல் அவருக்கு வாக்குகளைக் குவித்த நான்கு கிராமங்களில், மறியலுக்கு வந்த அதே கிராமங்களில், இந்த முறை சரிவு கண்கூடாக இருந்தது. கணக்கு விஷயத்தில் மட்டும் குறையில்லை. மே 2 முடிவு வந்ததிலிருந்து 30 நாட்களுக்குள் செலவுக் கணக்கு தர வேண்டும். ஊரடங்கில் கொடி, மைக் செட், வேன் ரசீதுகளைத் திரட்டுவது கடினமாக இருந்தும் தந்துவிட்டார். தராமல் விட்டால் மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் 10ஏ பிரிவின்படி 3 ஆண்டு வரை தகுதியிழப்பு. தோற்றவர்கள் மறப்பது பெரும்பாலும் இதைத்தான்.

2021–22: மிச்சமிருந்த 27 பேர்

தேர்தல் முடிந்த பிறகு கிராமம் கிராமமாகப் போனார். இந்த முறை தன் அலுவலகத்திலிருந்து வக்காலத்து போடவில்லை. கிளையில் தொழில் செய்யும் வேறொரு வழக்கறிஞரிடம் வழக்குக் கட்டை ஒப்படைத்தார். மேலூரில் ஏற்கெனவே இருந்த வக்காலத்துக்கு ஆட்சேபம் இல்லை என்று ஜூனியரிடம் எழுதி வாங்கிக் கொடுத்தார். செலவைத் தானே ஏற்றார். 27 பேரில் இருவர் அதற்குள் இறந்திருந்தார்கள். அவர்களுக்கு இறப்புச் சான்று போட்டு வழக்கைக் கைவிட வைக்க வேண்டும், இல்லாவிட்டால் வாரண்ட் சுற்றிக்கொண்டே இருக்கும். மீதி 25 பேரும் ஒரே மனுவில். 2022ல் வழக்கு ரத்தானது.

உத்தரவு வந்தால் வேலை முடிந்தது என்று நினைப்பது இன்னொரு பொறி. சான்றிட்ட நகல் மேலூர் நீதிமன்றத்துக்குப் போய்க் கோப்பு மூடப்பட வேண்டும், காவல் நிலையப் பதிவேட்டில் குறிக்கப்பட வேண்டும். பதினேழாம் எதிரியின் பாஸ்போர்ட் விசாரணையில் இரண்டாவது தடவையும் "வழக்கு உள்ளது" என்றே போனது; நிலையத்தில் யாரும் நகலைச் சேர்க்கவில்லை. நகலுடன் இவரே நேரில் போய், ஒப்புகை வாங்கி, பாஸ்போர்ட் அலுவலகத்துக்கு விளக்கக் கடிதம் அனுப்பிய பிறகுதான் நகர்ந்தது.

2022–23: கண்மாய் வழக்கு, கையெழுத்துப் போடாத வக்காலத்து

ஊராட்சி ஒன்றியம் போட்ட ஓர் இணைப்புச் சாலை, ஒரு சிறு கண்மாயின் வரத்துக்காலை, அதாவது அதற்கு நீர் கொண்டுவரும் வாய்க்காலை, குறுக்கே மறித்தது. பாலமும் இல்லை, குழாயும் இல்லை. பக்கத்தில் ஒரு தனியார் சுற்றுச்சுவர் காலின் பாதியைத் தின்றிருந்தது. மழை பெய்தும் கண்மாய் நிரம்பவில்லை. ஆயக்கட்டு விவசாயிகள், அதாவது அந்தக் கண்மாயில் பாசனம் பெறும் நிலக்காரர்கள், இவரிடம் வந்தார்கள். தேர்தல் காயத்துக்குப் பின் ஊர் மறுபடி அவர் வாசலுக்கு வந்த முதல் நாள் அது. அன்றே வக்காலத்துப் படிவத்தில் ஏழு பேர் கையெழுத்துப் போட்டார்கள்.

இவர் கையெழுத்து மட்டும் பாக்கி. எதிர்மனுதாரர்களின் பட்டியலைத் தட்டச்சு செய்த குமாஸ்தா, நான்காவதாக ஊராட்சி ஒன்றியத்தின் பெயரை அடித்துவிட்டு நிமிர்ந்து பார்த்து, "சார், நீங்க அங்க மெம்பராச்சே" என்றார். 1994 ஊராட்சிகள் சட்டம் உறுப்பினரின் தகுதியிழப்பைப் பேசும் 38ஆம் பிரிவில், தான் உறுப்பினராக இருக்கும் ஊராட்சி அமைப்புக்குச் சம்பளம் வாங்கி வக்கீலாவதும், அதற்கு எதிராக வக்கீலாக ஏற்பதும் பதவியைப் பறிக்கும் காரணங்கள். சட்டமன்ற உறுப்பினர் வழக்காடத் தடையில்லை என்று உச்ச நீதிமன்றம் 2018 செப்டம்பரில் சொன்னது பலருக்குத் தெரியும். அதை நம்பி ஒன்றியக் கவுன்சிலரும் எந்த வழக்கையும் எடுக்கலாம் என்று நினைத்துவிடுகிறார்கள். கையெழுத்துப் போட்டிருந்தால் எதிரணிக்கு வேலையே இல்லை.

மூன்று வழிகள் இருந்தன. பதவியை விட்டு வழக்கை நடத்துவது, தானே மனுதாரராவது, விவசாயிகளை மனுதாரர்களாக்கி வேறு வழக்கறிஞரை வைப்பது. இரண்டாவதைக் கட்சியில் பலர் விரும்பினார்கள், பெயர் வரும் என்று. அவர் மூன்றாவதை எடுத்தார். ஆயக்கட்டில் பட்டா உள்ளவருக்கு நேரடிப் பாதிப்பு இருக்கிறது. கவுன்சிலர் வந்தால் அரசியல் விரோதம் என்ற ஒரே வரியில் பதிலுரை முடிந்துவிடும்.

அந்த முடிவு எவ்வளவு சரி என்பது பதிலுரை வந்ததும் தெரிந்தது. சாலைக்கு ஒப்புதல் தந்த மன்றத் தீர்மானம் இணைக்கப்பட்டிருந்தது. பல பணிகள் ஒரே தீர்மானத்தில், ஏகமனதாக. வருகைப் பதிவேட்டில் இவர் கையெழுத்து. சாலை தன் வார்டுக்குத் தேவை என்று ஆதரித்திருந்தார். வரைபடத்தைக் கேட்டுப் பார்க்கவில்லை. இவர் வக்கீலாகவோ மனுதாரராகவோ இருந்திருந்தால் அந்த ஒரு தாளிலேயே வழக்கு சாய்ந்திருக்கும்.

ஆவணப் பக்கத்திலும் ஒரு சறுக்கல் நடந்தது. விவசாயிகள் ஏற்கெனவே நீர்வளத் துறைக்கு மனு அனுப்பிவிட்டு ஐந்து மாதம் காத்திருந்தார்கள். ஆயக்கட்டு 40 ஹெக்டேருக்கு மேல் இருந்தால்தான் கண்மாய் அந்தத் துறைக்கு உரியது. அதற்குக் கீழ் என்றால் ஊராட்சி ஒன்றியத்தின் பொறுப்பு. 2007ஆம் ஆண்டின் கண்மாய்ப் பாதுகாப்பு, ஆக்கிரமிப்பு அகற்றல் சட்டமும் அந்தத் துறையின் கண்மாய்களுக்கானது. ஒன்றியக் கண்மாயில் தனியார் சுவருக்கு 1905 நில ஆக்கிரமிப்புச் சட்டம்தான் வழி: முதலில் 7ஆம் பிரிவு நோட்டீஸ், பிறகு 6ஆம் பிரிவில் அகற்றும் உத்தரவு. ஆகவே மனு மறுபடி வட்டார வளர்ச்சி அலுவலருக்கும் வட்டாட்சியருக்கும் பதிவுத் தபாலில், ஒப்புகை அட்டையுடன் போனது. கிராம வரைபடம், கிராம நிலப் பதிவேடான 'அ' பதிவேட்டின் நகல், எஃப்.எம்.பி. என்ற புல அளவு வரைபடம் ஆகியவை 10 ரூபாய் கோர்ட் வில்லை ஒட்டிய தகவல் உரிமை மனுவில் கேட்கப்பட்டன. எஃப்.எம்.பி.யில் வரத்துக்காலின் அகலம் தெளிவாக இருந்தது. நிலத்தில் நாடா பிடித்தால் அதில் பாதி. வழக்கின் உயிர் அந்த அளவுதான்.

கிளை, கூட்டு ஆய்வு நடத்தி 12 வாரத்துக்குள் வரத்துக்காலை மீட்க உத்தரவிட்டது. 12 வாரம் ஓடியது, வேலை நடக்கவில்லை. அவமதிப்பு மனுவுக்கு ஓராண்டுக் காலவரம்பு உண்டு. அதைக் குறித்து வைத்துக்கொண்டு முதலில் வழக்கறிஞர் நோட்டீஸ் மட்டும் அனுப்பினார்கள். அந்த நோட்டீஸுக்குப் பிறகு சாலையை வெட்டிக் குழாய்கள் பதித்தார்கள். அடுத்த மழையில் கண்மாய் நிரம்பிக் கலுங்கு தட்டியது.

பெயர்ப்பலகைப் புகார்

கண்மாய் உத்தரவு வந்த சில வாரங்களில் இவர்மீது பார் கவுன்சிலுக்கு ஒரு புகார் போனது. இணைப்பு ஒரு புகைப்படம்: வீட்டு முன் அறை அலுவலகத்தின் பலகை. கட்சிக் கொடியின் நிறம், ஒரே பலகையில் வழக்கறிஞர், ஒன்றியச் செயலாளர், ஒன்றியக் கவுன்சிலர். விதி 36, வழக்கறிஞரின் பலகையும் கடிதத்தாளும் அவர் எந்த அமைப்புடனோ நோக்கத்துடனோ தொடர்புள்ளவர் என்று காட்டக் கூடாது என்கிறது. விதி ஊரில் பாதிப் பலகைகளுக்குப் பொருந்தும் என்பது பதிலாகாது. அவர் பலகையை அன்றே இறக்கினார். அளவான வெள்ளைப் பலகையில் பெயரும் தகுதியும் மட்டும் எழுதி மாட்டி, படத்துடன் விளக்கம் அனுப்பினார். ஒழுங்கு நடவடிக்கைக் குழுவுக்குப் போகாமல் முடிந்தது. கட்சி அலுவலகம் தெருவின் மறுபக்கத்தில் ஒரு வாடகை அறைக்கு மாறியது.

மாற்றியதும் மாற்ற வேண்டியதும்

ஊரக உள்ளாட்சிகளின் பதவிக்காலம் 2025 ஜனவரி 5 அன்று முடிந்து தனி அலுவலர்கள் வந்தார்கள். இப்போது அவர் உறுப்பினர் இல்லை. கட்சிப் பொறுப்பும் தொழிலும் தொடர்கின்றன.

அலுவலகத்தில் நிலையாகிவிட்ட நடைமுறைகளில் முதலாவது, போராட்ட வழக்குப் பதிவேடு. கட்சி கூட்டும் எந்தப் போராட்டத்துக்கும் மறுநாளே எஃப்.ஐ.ஆர். நகல் எடுத்து, "மற்றும் பலர்" இருந்தால் சிவப்பில் குறித்து, ஓராண்டுக் காலவரம்பு முடியும் தேதியைப் பக்கத்தில் எழுதுகிறார்கள். புதிய சட்டங்களில் எண்கள் மாறியிருக்கின்றன: 143 இப்போது பாரதிய நியாய சன்ஹிதாவில் 189(2), 188 என்பது 223, 341 என்பது 126(2), நடைமுறைச் சட்டத்தில் 195க்கு 215, 468க்கு 514, குவாஷுக்கு 528. அடிப்படை அப்படியேதான். கட்சி கூட்டிய போராட்டத்தில் எதிரியானவர்களுக்கு இந்த அலுவலகம் வக்காலத்து போடுவதில்லை. அதற்கென வெளியே இரண்டு வழக்கறிஞர்கள். ரத்து மனு என்றால் எல்லா எதிரிகளும் ஒரே மனுவில். தலைவர் பெயர் கடைசியில்.

இன்னும் சரியாகாததும் உண்டு. மன்றத் தீர்மானங்களில் மாற்றுக் கருத்தைப் பதிவு செய்வதை அவர் பதவிக்காலத்தின் கடைசி இரண்டு ஆண்டுகளில்தான் பழகினார். பல பணிகளைக் கட்டாகக் கொண்டுவரும்போது ஒவ்வொன்றின் மதிப்பீட்டையும் வரைபடத்தையும் முன்கூட்டி எழுத்தில் கேட்பது உறுப்பினரின் வேலை. எதிர்க்கட்சி உறுப்பினருக்கு அது இரட்டிப்பு வேலை, ஏனெனில் அவர் கையெழுத்தை நாளை அவருக்கு எதிராகவே காட்டுவார்கள். அவருக்குப் பின் வரும் கட்சிக்காரர்களுக்கு இதைச் சொல்லித்தர ஏற்பாடு எதுவும் இன்னும் இல்லை.

பதினேழாம் எதிரி பாஸ்போர்ட் வாங்கி வெளிநாடு போய்விட்டார். மூதாட்டி அவர் அலுவலகத்துக்கு மறுபடி வரத் தொடங்கியிருக்கிறார், முதியோர் உதவித்தொகை மனுவுக்காக. தனியார் சுவரின் மீதான 6ஆம் பிரிவு உத்தரவு மேல்முறையீட்டில் நிற்கிறது; வரத்துக்கால் அந்த இடத்தில் மட்டும் இன்னும் பாதி அகலம்தான்.